தீர்ப்பு வந்தும் அரசு அலுவலகம் அசையவில்லையா? நீதிமன்ற அவமதிப்பு மனுவுக்கு ஒரு வழிகாட்டி

உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (அரசு அலுவலகத்துக்கு உத்தரவிடக் கோரும் மனு) போட்டு, மாதக்கணக்கில் காத்திருந்து, ஒருவழியாக உத்தரவு உங்கள் பக்கம் வந்துவிட்டது. நீதிபதி கொடுத்த பன்னிரண்டு வாரமும் முடிந்துவிட்டது. அலுவலகத்தில் போய்க் கேட்டால், "ஃபைல் மேலிடத்துக்குப் போயிருக்கு, அடுத்த வாரம் வாங்க" என்கிறார்கள். அடுத்த வாரமும் அதே பதில்தான். ஓய்வூதியப் பாக்கியோ, பட்டா மாறுதலோ, கருணை அடிப்படையிலான வேலையோ, எதுவாக இருந்தாலும் வென்றும் கைக்கு ஒன்றும் வராத இந்த நிலை மனிதரை உடைத்துப்போடும். தமிழ்நாட்டில் இப்படி நிற்பவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

இங்கே சட்டம் தரும் வழி, 1971-ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம். நீதிமன்றத்தின் உத்தரவை வேண்டுமென்றே மீறுவதையும், நீதிமன்றத்தில் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே மீறுவதையும் அதன் பிரிவு 2(பி) உரிமையியல் அவமதிப்பு என்கிறது. தன்னை அவமதித்தவரைத் தண்டிக்கும் அதிகாரத்தை அரசியலமைப்பின் 215-ஆவது உறுப்பு உயர் நீதிமன்றத்துக்கு நேரடியாகவே தந்திருக்கிறது. நீதிபதியை அவதூறாகப் பேசுவது போன்ற குற்றவியல் அவமதிப்புக்குத் தனிநபர் மனு போட வேண்டுமானால் அரசுத் தலைமை வழக்கறிஞரின் ஒப்புதல் வேண்டும். உத்தரவை நிறைவேற்றாததற்கு அந்த ஒப்புதல் தேவையில்லை. நீங்களே மனு போடலாம்.

ஆனால் அவமதிப்பு மனுவின் தலையெழுத்து, அதைத் தாக்கல் செய்யும் நாளில் எழுதப்படுவதில்லை. மூல உத்தரவில் என்ன வாசகம் இருக்கிறது, அது அதிகாரியின் கையில் என்றைக்குப் போய்ச் சேர்ந்தது, இந்த இரண்டும்தான் பெரும்பாலும் முடிவைத் தீர்மானிக்கின்றன. ஆகவே கோபத்தைச் சற்று ஒதுக்கிவிட்டு உத்தரவை எடுத்துக்கொண்டு உட்காருங்கள்.

முதல் படி: உத்தரவின் கடைசிப் பத்திகளை வரிவரியாகப் படியுங்கள்

முன்பக்கங்களில் உங்கள் வாதத்தை நீதிபதி எவ்வளவு பாராட்டியிருந்தாலும் அவமதிப்பு வழக்கில் அது உதவாது. "எதிர்மனுதாரர் இதைச் செய்ய வேண்டும்" என்று கட்டளையிடும் பகுதி மட்டுமே கணக்கு. அதில் மூன்று விஷயங்களைத் தேடுங்கள். யார் செய்ய வேண்டும்? என்ன செய்ய வேண்டும்? எப்போதுக்குள்?

"மனுதாரருக்கு 6 சதவீத வட்டியுடன் பணிக்கொடையை எட்டு வாரத்துக்குள் வழங்க வேண்டும்" என்று இருந்தால் உங்கள் கையில் இருப்பது வலுவான உத்தரவு. பணம் வந்ததா இல்லையா என்ற ஒரே கேள்விதான் மிஞ்சும்.

நம் ஊரில் அதிகம் வருவது வேறு வகை. "மனுதாரரின் கோரிக்கை மனுவைத் தகுதியின் அடிப்படையிலும் சட்டப்படியும் பரிசீலித்து, பன்னிரண்டு வாரத்துக்குள் உரிய உத்தரவு பிறப்பிக்க வேண்டும்." இதைக் கையில் வாங்கிக்கொண்டு வழக்கில் வென்றுவிட்டதாக நினைப்பவர்கள் ஏராளம். இந்த உத்தரவின் கீழ் அதிகாரியின் கடமை பரிசீலித்து ஒரு முடிவு சொல்வது மட்டுமே. "உங்கள் கோரிக்கை விதிகளின்படி ஏற்கத்தக்கதல்ல" என்று பன்னிரண்டாவது வாரத்தில் ஒரு கடிதம் அனுப்பினாலும் உத்தரவு நிறைவேறியதாகவே ஆகும். அந்த நிராகரிப்பு அநியாயமாக இருக்கலாம், காரணமே இல்லாமல்கூட இருக்கலாம். ஆனாலும் அவமதிப்பு மனு அதற்கு மருந்தாகாது. உத்தரவைப் பின்பற்றுவதாகச் சொல்லி அதிகாரி ஒரு முடிவு எடுத்துவிட்டால், அது தவறான முடிவே ஆனாலும் புதிய வழக்குக் காரணம் பிறக்கிறது, அதைத் தனி வழக்கில்தான் எதிர்க்க வேண்டும் என்று ஜே.எஸ். பரிஹார் வழக்கில் 1996-இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. நிராகரிப்புக் கடிதம் வந்தவர்கள் அதை எதிர்த்து உடனே புதிய ரிட் மனு போட வேண்டும். அவமதிப்பு மனுவில் ஓராண்டைக் கழித்துவிட்டு வெறுங்கையோடு திரும்புவது மிகப் பெரிய இழப்பு.

உத்தரவில் இல்லாத ஒன்றை அவமதிப்பு மனுவில் கேட்டுப் பெறவும் முடியாது. சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போன ஓஎன்ஜிசி ஊழியர்கள் வழக்கில், அவமதிப்பை விசாரிக்கும் நீதிமன்றம் மூல உத்தரவின் நான்கு மூலைக்குள் நிற்க வேண்டும், கூடுதலாக எதையும் சேர்க்கக் கூடாது என்று 2014-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. உத்தரவு பணப்பலனைக் கொடுக்கச் சொல்லியிருக்கிறது, வட்டியைப் பற்றி மௌனமாக இருக்கிறது என்றால் வட்டிக்காக அவமதிப்பு மனு போட முடியாது.

ரிட் மனு இன்னும் விசாரணையில் இருப்பவர்களுக்கு இதில் ஒரு பாடம் உண்டு. "பரிசீலித்தால் போதும்" என்ற உத்தரவோடு வழக்கை முடிக்க உங்கள் வக்கீல் ஒப்புக்கொள்ளும் முன், அதன் பொருள் என்ன என்று அவரிடம் கேளுங்கள். அந்த உத்தரவு போதுமான நேரங்களும் உண்டு. இல்லாத நேரத்தில், முந்தைய தீர்ப்பையோ அரசாணையையோ சுட்டிக்காட்டி, "அதைக் கருத்தில் கொண்டு, காரணங்களுடன் கூடிய உத்தரவு" என்ற வாசகத்தையாவது கேட்டுப் பெற வேண்டும். கால வரம்பையும் கட்டாயம் கேளுங்கள். கெடு இல்லாத உத்தரவில் எந்த நாளில் மீறல் நடந்தது என்று நிறுவுவதே பெரும்பாடு.

இரண்டாம் படி: நகலை அதிகாரியின் கையில் சேருங்கள்

"நீதிமன்றம் உத்தரவு போட்டால் அரசுக்குத் தெரியாமலா போகும்? அரசு பிளீடர் (அரசுத் தரப்பு வக்கீல்) அங்கேதானே நின்றார்?" என்று நீங்கள் கேட்பதில் நியாயம் இருக்கிறது. ஆனால் பெரும்பாலான உத்தரவுகளில் "இந்த உத்தரவின் நகல் கிடைத்த நாளிலிருந்து பன்னிரண்டு வாரத்துக்குள்" என்றுதான் இருக்கும். நகல் கிடைத்ததற்குச் சான்று இல்லையென்றால் கெடு எப்போது தொடங்கியது என்ற கேள்விக்கு உங்களிடம் பதில் இருக்காது. அவமதிப்பு தனிமனிதரின் பொறுப்பைச் சுமத்தும் வழக்கு. அந்த அதிகாரிக்கு உத்தரவு தெரிந்திருந்தது என்பதை முதலில் காட்டியாக வேண்டும்.

சான்றிட்ட நகலுக்கு, அதாவது நீதிமன்றமே முத்திரையிட்டுத் தரும் நகலுக்கு, உடனே விண்ணப்பியுங்கள். இணையத்தில் பதிவேறும் நகல் படித்துப் பார்க்க உதவும். அலுவலகத்தில் கொடுக்கச் சான்றிட்ட நகலே நல்லது. நகல் வந்ததும் ஒரு முகப்புக் கடிதம் எழுதி, ரிட் மனு எண், உத்தரவு தேதி, கெடு ஆகிய மூன்றையும் அதில் குறிப்பிட்டு, உத்தரவில் பெயர் சொல்லப்பட்ட ஒவ்வொரு எதிர்மனுதாரருக்கும் தனித்தனியாக அனுப்புங்கள். மாவட்ட ஆட்சியருக்கு மட்டும் அனுப்பிவிட்டு, முடிவெடுக்க வேண்டிய வட்டாட்சியரை விட்டுவிடாதீர்கள். நேரில் கொடுப்பதாக இருந்தால் தபால் பிரிவில் கொடுத்து, உங்கள் பிரதியில் அலுவலக முத்திரை, தேதி, வரவு எண் மூன்றையும் வாங்குங்கள். முத்திரை வைக்க மறுத்தால் வாக்குவாதம் வேண்டாம், அன்றைக்கே தபாலில் அனுப்பிவிடுங்கள். 2025-இல் பதிவுத் தபால் சேவை விரைவுத் தபாலோடு இணைக்கப்பட்டுவிட்டது. தபால் நிலையத்தில் பதிவு வசதியும் பட்டுவாடாச் சான்றும் வேண்டும் என்று கேட்டு அனுப்புங்கள். ரசீது, இணையத்தில் தெரியும் பட்டுவாடா விவரத்தின் அச்சுப்பிரதி, கடிதத்தின் நகல் எல்லாவற்றையும் ஒரே கோப்பில் வையுங்கள். அந்தக் கோப்புதான் நாளைக்கு உங்கள் வழக்கு.

மூன்றாம் படி: ஓராண்டுக் கணக்கைப் போடுங்கள்

சட்டத்தின் பிரிவு 20 கடுமையானது. அவமதிப்பு நடந்ததாகச் சொல்லப்படும் நாளிலிருந்து ஓராண்டு கடந்துவிட்டால் நடவடிக்கை தொடங்க முடியாது. பல்லவ் சேத் வழக்கில் 2001-இல் உச்ச நீதிமன்றம் தந்த விளக்கப்படி, அந்த ஓராண்டுக்குள் நீங்கள் மனுவைத் தாக்கல் செய்திருந்தால் போதும். நீதிமன்றம் நோட்டீஸ் அனுப்பும் தேதி பிந்தினாலும் பாதகமில்லை.

ஒரு கணக்கு போட்டுப் பார்ப்போம். 2025 பிப்ரவரி 10 அன்று நகல் அலுவலகத்துக்குப் போய்ச் சேர்ந்தது, கெடு பன்னிரண்டு வாரம் என்று வையுங்கள். 84 நாள் கழித்து, அதாவது மே 5-ஆம் தேதியோடு கெடு முடிகிறது. மே 6 முதல் அவமதிப்பு. 2026 மே மாதத் தொடக்கத்தில் உங்கள் வழி அடைபடுகிறது. கடைசி வாரம் வரை காத்திருக்காமல், கெடு முடிந்த இரண்டு மூன்று மாதத்துக்குள் தாக்கல் செய்வது நல்லது.

நினைவூட்டல் கடிதம் போட்டால் கெடு நீளும் என்று நம்பி ஏமாந்தவர்கள் பலர். நீளாது. முதலமைச்சர் தனிப்பிரிவுக்கு மனு, திங்கட்கிழமை குறைதீர் கூட்டத்தில் மனு, மீண்டும் ஒரு வக்கீல் நோட்டீஸ் என்று போய்க்கொண்டிருந்தாலும் ஓராண்டு தன்பாட்டுக்கு ஓடிக்கொண்டேயிருக்கும். "இது தொடர்ந்து நடக்கும் மீறல், ஆகவே காலவரம்பு பொருந்தாது" என்ற வாதத்தையும் 2024-இல் எஸ். திருப்பதி ராவ் வழக்கில் உச்ச நீதிமன்றம் எளிதில் ஏற்கவில்லை. ஒருமுறை செய்து முடிக்க வேண்டியதைச் செய்யாமல் விட்டால், அதன் பாதிப்பு நீடிக்கிறது என்பதற்காக மீறல் தினமும் புதிதாக நடப்பதாக ஆகிவிடாது.

நான்காம் படி: மேல்முறையீடு போயிருக்கிறதா என்று பாருங்கள்

தனி நீதிபதியின் உத்தரவை எதிர்த்து அரசு இரண்டு நீதிபதிகள் அமர்வில் ரிட் மேல்முறையீடு செய்யலாம். அதற்கான காலம் 30 நாள் என்றாலும், தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவோடு எவ்வளவோ பிந்தியும் வருவார்கள். உயர் நீதிமன்ற இணையதளத்திலும் இ-கோர்ட்ஸ் செயலியிலும் உங்கள் பெயரையும் வழக்கு எண்ணையும் போட்டுத் தேடுங்கள்.

மேல்முறையீடு போட்டதாலேயே உத்தரவு நின்றுவிடாது. தடை உத்தரவு வாங்கியிருக்க வேண்டும். "அப்பீல் போட்டிருக்கோம், அதான் நிறுத்தி வச்சிருக்கோம்" என்ற பதில் சட்டப்படி செல்லாது. ஆனாலும் தடை கோரும் மனு நிலுவையில் இருக்கும்போது, முதலில் அதைக் கேட்டு முடிவெடுப்பதே முறை என்று மாடர்ன் ஃபுட் இண்டஸ்ட்ரீஸ் வழக்கில் 1995-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆகவே மேல்முறையீட்டில் உடனே ஆஜராகி, தடை கூடாது என்று எதிர்ப்பது உங்கள் அவமதிப்பு மனுவுக்கு இணையான வேலை. அரசு கால நீட்டிப்பு கேட்டு மனு போட்டிருந்தால் அதையும் கவனியுங்கள். நீட்டிப்பு கிடைத்துவிட்டால் உங்கள் நாட்கணக்கும் அதற்கேற்ப மாறும்.

ஐந்தாம் படி: ஒரு கடைசி நோட்டீஸ்

சட்டம் இதைக் கட்டாயமாக்கவில்லை. ஆனாலும் அனுப்புவதையே நான் சொல்வேன். வேண்டுமென்றே மீறினார் என்று காட்ட இது உதவும். பல நேரம் இந்தக் கட்டத்திலேயே கோப்பு நகர்ந்துவிடும் என்பது இன்னொரு நன்மை. நீளமாக, கோபமாக எழுத வேண்டாம். இப்படி இருந்தால் போதும்:

"ஐயா, மேற்படி ரிட் மனுவில் உயர் நீதிமன்றம் இன்ன தேதியில் பிறப்பித்த உத்தரவின் சான்றிட்ட நகல் இன்ன தேதியில் தங்கள் அலுவலகத்தில் பெறப்பட்டது. அதில் அளித்த பன்னிரண்டு வாரக் காலம் இன்ன தேதியுடன் முடிந்தது. இதுவரை உத்தரவு நிறைவேற்றப்படவில்லை. தடை உத்தரவோ கால நீட்டிப்போ பெறப்பட்டதாகத் தகவலும் இல்லை. இக்கடிதம் கிடைத்த பதினைந்து நாட்களுக்குள் உத்தரவை நிறைவேற்றக் கேட்டுக்கொள்கிறேன். தவறினால் நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் கீழ் மனு தாக்கல் செய்வேன்."

ஆறாம் படி: மனுவில் யார் பெயரைப் போடுவது?

ரிட் மனுவில் "மாவட்ட ஆட்சியர்" என்று பதவியைப் போட்டால் போதும். அவமதிப்பு மனுவில் போதாது. சிறைக்குப் போகக்கூடியது பதவி அல்ல, மனிதர். ஆகவே அதிகாரியின் பெயரையும் பதவியையும் சேர்த்தே குறிப்பிட வேண்டும். கெடு ஓடிய காலத்தில் அந்த இருக்கையில் யார் இருந்தார் என்பதைக் கண்டுபிடியுங்கள். மாவட்ட நிர்வாகத்தின் இணையதளம், பணியிட மாறுதல் அரசாணைகள், தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் ஒரு மனு, இவற்றில் ஏதாவது ஒன்று விடை தரும். இடையில் அவர் மாற்றலாகிப் போயிருந்தால், இப்போது இருப்பவருக்கும் நகலையும் நோட்டீஸையும் கொடுத்து, அவரும் நிறைவேற்றாத நிலையில் அவரையும் சேருங்கள். நேற்றுதான் பொறுப்பேற்றவரை, உத்தரவையே காட்டாமல் எதிரியாக்கினால் நீதிபதிக்கு உங்கள் மீதுதான் வருத்தம் வரும். தலைமைச் செயலர் முதல் கிராம நிர்வாக அலுவலர் வரை எல்லோரையும் இழுத்துவிடும் பழக்கமும் வேண்டாம். உத்தரவு யாருக்குக் கட்டளையிட்டதோ அவர் மட்டும் போதும்.

மனுவோடு உங்கள் பிரமாணப் பத்திரம், மூல உத்தரவின் சான்றிட்ட நகல், நகல் சேர்ந்ததற்கான சான்று, நோட்டீஸ், பதில் வந்திருந்தால் அந்தப் பதில் ஆகியவை போக வேண்டும். பிரமாணப் பத்திரத்தில் தேதிகள் வரிசையாகப் பேசட்டும். ரிட் மனு சென்னையில் முடிந்திருந்தால் சென்னையிலும், மதுரைக் கிளையில் முடிந்திருந்தால் மதுரையிலும் தாக்கல் செய்யுங்கள். மூல உத்தரவைப் பிறப்பித்த நீதிபதி இருந்தால் பெரும்பாலும் அவர் முன்பே மனு பட்டியலிடப்படும்.

வக்கீல் கட்டணத்துக்கு வழியில்லாதவர்கள் உயர் நீதிமன்ற சட்டப் பணிகள் குழுவை அணுகலாம். பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் போன்றோருக்கு வருமானம் பார்க்காமலே இலவச உதவி உண்டு. 15100 என்ற எண்ணில் தேசிய உதவி மையம் இருக்கிறது.

ஏழாம் படி: விசாரணையில் என்ன நடக்கும்?

முதல் நாளிலேயே அதிகாரி கூண்டில் நிற்பார் என்று எதிர்பார்க்காதீர்கள். அரசு பிளீடர் நோட்டீஸைப் பெற்றுக்கொண்டு, "அறிவுறுத்தல் பெற அவகாசம் வேண்டும்" என்பார். சில வாரங்கள் தள்ளிப்போகும். அதற்கும் அசையாவிட்டால் சட்டப்படியான நோட்டீஸ் போகும். அதிகாரி தானே வந்து பதில் சொல்ல வேண்டிய கட்டம் அது. அதிகாரிகளை நேரில் அழைப்பது குறித்து 2024 ஜனவரி 3-இல் உச்ச நீதிமன்றம் ஒரு நடைமுறையை வகுத்தது. நேரில் வரச் சொல்வதில் நிதானம் வேண்டும், காணொலி வழியாக ஆஜராவதற்கு முதல் வாய்ப்புத் தர வேண்டும், அவர்களின் உடையைப் பற்றியோ படிப்பைப் பற்றியோ தேவையில்லாமல் பேசக் கூடாது என்பவை அதில் உண்டு. ஆகவே காணொலியில் அதிகாரி தோன்றினால் உங்கள் வழக்கு வலுவிழந்துவிட்டதாக நினைக்க வேண்டாம்.

நடைமுறையில், தண்டனைக்கு முன்பே உத்தரவு நிறைவேறுவதுதான் அதிகம். விசாரணைக்கு முந்தைய நாள் மாலை உத்தரவுக் கடிதம் தயாராகி, காலையில் நீதிமன்றத்தில் தாக்கலாகும். அந்தக் காகிதம் உங்கள் கைக்கு வந்ததும் வக்கீலோடு உட்கார்ந்து மூல உத்தரவோடு ஒப்பிட்டுப் பாருங்கள். முழுத்தொகையா, ஒரு பகுதியா? வட்டி சேர்ந்திருக்கிறதா? பணம் வழங்க அனுமதிக்கும் ஒப்பளிப்பு ஆணை மட்டும் வந்து, கருவூலத்திலிருந்து பணம் வராமல் இருக்கிறதா? "நிறைவேற்றியாயிற்று" என்று பதிவாகி வழக்கு முடிந்த பிறகு குறை சொல்வது மிகக் கடினம். ஒப்பிட ஒரு வாரம் அவகாசம் கேட்க வெட்கப்படாதீர்கள்.

அதிகாரி தரப்பில் மூன்று பதில்கள் வரலாம்: வேண்டுமென்றே மீறவில்லை, நிதித்துறை ஒப்புதல் தாமதமானது, நிபந்தனையற்ற மன்னிப்புக் கேட்கிறேன். உண்மையான இடையூறு இருந்தால் நீதிமன்றம் அதை எடைபோடும்; வெறும் அலட்சியத்துக்கும் வேண்டுமென்றே மீறியதற்கும் வேறுபாடு பார்க்கும். மன்னிப்பைப் பொறுத்தவரை, உண்மையானதாக இருந்தால் தண்டனையைத் தள்ளுபடி செய்யலாம் என்று பிரிவு 12 சொல்கிறது.

அதே பிரிவின்படி உச்சபட்சத் தண்டனை ஆறு மாத வெறுங்காவல் (கடின உழைப்பு இல்லாத சிறை), அல்லது 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். அபராதத் தொகை சிறியதுதான். ஆனால் ஒரு நாள் காவலும் ஓர் அதிகாரியின் பணிவாழ்வில் அழியாத தழும்பு. இதெல்லாம் வெறும் மிரட்டல், யாரையும் உள்ளே அனுப்ப மாட்டார்கள் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். ஒரு பொறியாளரின் பணி தொடர்பான உத்தரவை நிறைவேற்றாததற்காக, கர்நாடக அரசின் செயலராக இருந்த வாசுதேவனுக்கு 1995-இல் உச்ச நீதிமன்றம் ஒரு மாதச் சிறை விதித்தது. மரம் அறுக்கும் ஆலைகளுக்குத் தடையை மீறி அனுமதி தந்ததற்காக மகாராஷ்டிர அமைச்சர் சுவரூப் சிங் நாயக்குக்கும், முதன்மைச் செயலர் அசோக் கோட்டுக்கும் 2006-இல் ஒரு மாதச் சிறை. அயோத்தி நிலத்தில் கட்டுமானத்தை அனுமதித்த உத்தரப் பிரதேச முன்னாள் முதல்வர் கல்யாண் சிங்குக்கு 1994-இல் ஒரு நாள் அடையாளச் சிறையும் 2,000 ரூபாய் அபராதமும்.

தண்டிக்கப்பட்டவருக்குப் பிரிவு 19-இன் கீழ் மேல்முறையீடு உரிமையாகவே உண்டு. உங்கள் மனு தள்ளுபடியானால் உங்களுக்கு அந்தப் பிரிவின் கீழ் மேல்முறையீடு கிடையாது. உச்ச நீதிமன்றத்தில் சிறப்பு அனுமதி மனு போடுவதே வழி.

இந்த வாசல் உங்களுக்கானதா?

உத்தரவு எங்கிருந்து வந்தது என்பதைப் பொறுத்து வழி மாறும். சார்பு நீதிமன்றத்தில் நில எடுப்பு இழப்பீடோ, விபத்துத் தீர்ப்பாயத்தில் இழப்பீடோ பெற்றவர்கள், தீர்ப்பை நிறைவேற்றித் தரக் கோரும் நிறைவேற்று மனு போட வேண்டும். அரசுப் பேருந்தையும் ஆட்சியர் அலுவலக நாற்காலிகளையும் நீதிமன்ற ஊழியரான அமீனா ஜப்தி செய்யும் செய்திகளைப் படித்திருப்பீர்கள், அவை இந்த வழியில் நடப்பவை. சிவில் நீதிமன்றத்தின் இடைக்காலத் தடையை மீறினால், உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் கட்டளை 39 விதி 2ஏ-இன் கீழ் அதே நீதிமன்றத்திலேயே மனு போடலாம். மூன்று மாதம் வரை சிவில் சிறை உண்டு. மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்கு அவமதிப்பைத் தண்டிக்கும் அதிகாரம் அதன் 1985-ஆம் ஆண்டுச் சட்டத்திலேயே இருக்கிறது. நுகர்வோர் ஆணையத்தின் உத்தரவை நிறைவேற்ற வைக்க, 2019-ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தின் 71, 72 பிரிவுகள் உண்டு.

உத்தரவு முழுமையாக நிறைவேறியபின் அவமதிப்பு மனுவை முடித்துவைக்கும் உத்தரவின் நகலையும் வாங்கி அதே கோப்பில் வையுங்கள். "மூன்று மாதத்தில் பாக்கியைத் தந்துவிடுவோம்" என்ற அரசுத் தரப்பின் உறுதியை ஏற்று வழக்கு முடிந்தால், அந்த உறுதிமொழி உத்தரவில் எழுத்தில் பதிவாகியிருக்கிறதா, தவறினால் மனுவை மீண்டும் உயிர்ப்பிக்க உங்களுக்கு உரிமை தரப்பட்டிருக்கிறதா என்று அன்றே பாருங்கள். இல்லையென்றால் அதே அமர்வில் குறிப்பிட்டுச் சேர்க்கச் சொல்ல உங்கள் வக்கீலிடம் கேளுங்கள். உறுதிமொழியை மீறுவதும் பிரிவு 2(பி)-இன் கீழ் அவமதிப்பு. அது நடந்தால் அதற்கான ஓராண்டு அந்த நாளிலிருந்து தொடங்குகிறது.